தில்லியின் தொல்லூர்கள்: ஒரு பகற் பயணம்

தில்லியில் வாழும் தமிழரிடம் இந்நகரின் வரலாற்றைப் பற்றிக் கேட்டால், பெரும்பாலோர் செங்கோட்டையையும் குதுப் மினாரையும் சொல்வர். ஊரிலிருந்து உறவினர் வரும்போதெல்லாம் அழைத்துச் சென்று காட்டிய பழக்கத்தால் அவ்விரண்டும் நமக்கு நன்கு அறிமுகமானவை. அவற்றுக்கு அப்பால் தில்லி என்பது ஓர் அலுவலகம், ஒரு குடியிருப்பு, ஒரு காய்கறிச் சந்தை, கோடை விடுமுறைக்குப் புறப்படும் ஒரு புகைவண்டி நிலையம் என்ற அளவில் நின்றுவிடுகிறது. முப்பது ஆண்டு ஊழியம் செய்து ஓய்வு பெற்றவரும், "இது நமக்கு ஊரா என்ன?" என்று கேட்பதைப் பலமுறை செவியுற்றிருக்கிறோம்.

தலைநகரத்துக்குள்ளேயே நூற்றுக்கும் மேற்பட்ட ஊர்கள் இன்னும் இருக்கின்றன என்பதை நினைத்தால் இக்கேள்விக்குப் புதியதொரு பொருள் பிறக்கிறது. ஷாப்பூர் ஜாட், பேகம்பூர், கிட்கி, சிராக் தில்லி, ஹௌஸ் காஸ், முனிர்க்கா என்னும் பெயர்களைப் பேருந்துப் பலகையிலும் மெட்ரோ நிலையத்திலும் நாள்தோறும் படிக்கிறோம். இவை வெறும் நிறுத்தங்களின் பெயர்கள் அல்ல. ஒவ்வொன்றும் ஒரு கிராமம். பலவும் சுல்தான்கள் காலத்துக் கோட்டைக்குள்ளோ, மசூதியின் அருகிலோ, ஏரிக்கரையிலோ முளைத்த கிராமம். மாநகரம் அவற்றைச் சூழ்ந்து வளர்ந்தது; எனினும் அவற்றின் சந்துகள் பழைய வளைவோடு இன்றும் கிடக்கின்றன.

இவ்வூர்களுள் ஆறினை ஒரே பகலில், ஒரு வழிகாட்டியின் துணையுடன், பன்னிருவர் கொண்ட சிறு குழுவாகச் சென்று காண்பது எளிது. ஒன்றிலிருந்து மற்றொன்று சில கிலோமீட்டர் தொலைவிலேயே உள்ளது. குழு ஏன் சிறிதாக இருத்தல் வேண்டும் எனின், சந்துகள் குறுகியவை. வீட்டு வாயில்களில் மக்கள் அமர்ந்திருப்பர். நாற்பது பேர் ஒருங்கே நுழைந்தால் அது படையெடுப்பாகத் தோன்றும். பன்னிருவர் என்றால் விருந்தினர். சென்ற குளிர்காலத்தில் எங்கள் குழுவினர் சென்றுவந்த அப்பயணத்தின் வழியையே பற்றி, அங்கே காணும் வரலாற்றை ஈண்டுக் கூற விழைகிறோம்.

முதலில் கல்வெட்டுகளைப் பற்றி ஒரு சொல். தமிழ்நாட்டிலே கிராமத்தின் கதையைக் கோயிற்சுவர் சொல்லும். உத்தரமேரூரில் முதற் பராந்தகன் காலத்தில், 919, 921 ஆம் ஆண்டுகளில் பொறிக்கப்பட்ட சாசனங்கள் ஏரிவாரியம் முதலியவற்றுக்கு எவ்வாறு ஆள் தெரிந்தெடுத்தனர் என்பதைக்கூட விளக்குகின்றன. தில்லிப் பகுதியில் இவ்வளவு விரிவான ஊர்ச் சாசனங்கள் இல்லை. எனினும் சில உண்டு. இன்று விமான நிலையத்தால் பெயர் பெற்ற பாலம் ஊரில் கிடைத்த வடமொழிக் கல்வெட்டு 1276 ஆம் ஆண்டினது. பால்பன் ஆண்ட காலம். உத்தரர் என்னும் செல்வர் ஒருவர் அவ்வூரில் படிக்கிணறு வெட்டிய செய்தியை அது கூறுகிறது. தோமரர், சௌகானர், அவர்களுக்குப் பின் சுல்தான்கள் என ஆட்சியாளரை வரிசைப்படுத்திவிட்டு, அந்நாள் மன்னனின் ஆட்சியிலே திராவிட நாடும் சேதுபந்தமும் வரையில் நிலம் செழித்திருந்ததாகப் புகழ்கிறது. பால்பனின் படை சேதுவை எட்டியதே இல்லை. புலவரின் மிகையுரை அது. ஆயினும் பாலம் கிராமத்துக் கிணற்றங்கரையில் எழுதிய ஒருவர்க்கு இராமேசுவரத்தின் நினைவு இருந்ததே, அதுவே நமக்குச் சிறப்பு.

மற்றொன்று 1328 ஆம் ஆண்டினது; ரெய்சினாவுக்கு அருகே சர்பன் என்ற இடத்தில் கிடைத்தது. வணிகர் இருவர் அங்கே கிணறு வெட்டியதையும், அப்பகுதி ஹரியானா நாட்டைச் சேர்ந்தது என்பதையும், தில்லிகா என்பது தோமரர் அமைத்த நகரம் என்பதையும் அது சொல்கிறது. இன்று மத்திய அரசின் செயலகக் கட்டடங்கள் ஓங்கி நிற்கும் மேடும் ஒரு கிராமத்தின் மேடே. 1911 ஆம் ஆண்டில் தலைநகர் மாற்றம் அறிவிக்கப்பட்ட பின்னர் ரெய்சினா, மால்சா முதலிய ஊர்களின் நிலங்கள் எடுத்துக்கொள்ளப்பட்டன. கோப்புகளுக்கு நடுவே வாழும் நம்மில் பலர் நாள்தோறும் நடந்து செல்வது அவ்வயல்களின் மீதுதான்.

இனி நிலத்தைப் பற்றியும் ஒரு சொல் வேண்டும். தில்லிக் கிராமங்களைப் பற்றிப் பேசுவோர் 'லால் டோரா' என்பர்; சிவப்புக் கயிறு என்பது அதன் பொருள். 1908 ஆம் ஆண்டளவில் ஆங்கிலேயர் ஆட்சியில், வரி செலுத்தும் விளைநிலத்தினின்று குடியிருப்பைப் பிரித்துக் காட்டுதற்கு வருவாய்ப் படத்தில் சிவப்புக் கோடு இட்டனர். தமிழில் இதற்குப் புதுச் சொல் ஆக்க வேண்டுவதில்லை. நம் கணக்கப்பிள்ளைகள் 'நத்தம்' என்று எழுதியது இதையே. மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்டோர்க்கு இத்தகைய பொருத்தம் ஒரு மகிழ்ச்சி. ஜமாபந்தி, கிஸ்தி, வசூல், பாக்கி என்று தில்லிக் கிராமத்தார் சொன்ன சொற்களைத் தஞ்சாவூர் மிராசுதாரரும் சொன்னார். அரசு வரி கேட்ட மொழி ஒன்றாகவே இருந்தது.

காலையில் முதலாவதாகச் சென்றது ஷாப்பூர் ஜாட். ஆடை வடிவமைப்போரின் கடைகள் நிறைந்த இவ்வூர், அலாவுத்தீன் கில்ஜி எழுப்பிய சிரி நகரின் மதிலுக்குள் அமைந்தது. 1303 ஆம் ஆண்டில் மங்கோலியர் தில்லியைச் சூழ்ந்து முற்றுகையிட்டுத் திரும்பிய பின்னர், அச்சத்தின் விளைவாகப் பிறந்தது சிரி. கொல்லப்பட்ட மங்கோலியர் ஆயிரக்கணக்கானோரின் தலைகளை மதிலடியில் புதைத்ததால் இப்பெயர் வந்தது என்று ஒரு கதை வழங்குகிறது; 'சிர்' என்றால் தலை அன்றோ? அம்மதிலின் சிதைந்த பகுதிகளை இன்றும் காணலாம். 1982 ஆம் ஆண்டின் ஆசிய விளையாட்டுப் போட்டிக்காக வீரர் குடியிருப்பு எழுந்ததும் இந்நிலத்தில்தான்.

அலாவுத்தீன் பண்டங்களுக்கு விலை விதித்த மன்னன். கோதுமை ஒரு மணுவுக்கு ஏழரை ஜீத்தல் என்று அவன் நிறுத்திய விலையை வரலாற்றாசிரியர் பரணி குறித்து வைத்திருக்கிறார். ரேஷன் அட்டையின் அருமை அறிந்த நமக்கு இது மகிழ்ச்சிக்குரிய செய்தியாகத் தோன்றும். ஆனால் அவ்விலைக்கு நெல்லும் கோதுமையும் வந்த வழியை நோக்க வேண்டும். விளைச்சலிற் பாதி வரி. தலைநகரத்தைச் சூழ்ந்த கிராமத்து உழவன் தன் களத்து மேட்டிலிருந்தே பாதியை அளந்து கொடுத்தான். நகரத்தின் மலிவை நாட்டுப்புறம் சுமந்தது.

இவ்விடத்தில் எங்களுடன் வந்த பள்ளிச் சிறுமி ஒருத்தி கேட்ட கேள்வியைக் குறிப்பிடாமல் இருக்க இயலாது. 1311 ஆம் ஆண்டில் மாலிக் கபூரின் படை பாண்டிய நாட்டில் புகுந்ததையும், சுந்தர பாண்டியன், வீர பாண்டியன் என்னும் உடன்பிறந்தாரின் பகை அதற்கு வழி திறந்ததையும், அவ்வாண்டின் அக்டோபர் மாதத்தில் அப்படை கொள்ளைப் பொருளோடு திரும்பிவந்து இதே சிரியில் சுல்தானின் முன் அவற்றைப் பரப்பிக் காட்டியதையும் வழிகாட்டி சொல்லிக்கொண்டிருந்தார். உடனே அப்பெண், "மாமா, அப்படியானால் மதுரைப் பொன்னால் கட்டிய சுவரா இது?" என்று எங்களுள் மூத்த ஒருவரிடம் கேட்டாள். சிறிது நேரம் யாரும் விடை கூறவில்லை.

கேள்வி நேர்மையானது, விடையும் நேர்மையாக இருத்தல் வேண்டும். பரணி 612 யானைகள் வந்தன என்கிறார். அமீர் குஸ்ரு 512 என்கிறார். பொன்னின் கணக்கு மலைக்க வைப்பது. எண்ணிக்கையில் மாறுபாடு இருப்பினும், தமிழகத்தின் பெருஞ்செல்வம் இங்கே வந்து குவிந்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் சிரியின் மதில் அதற்குச் சில ஆண்டுகள் முன்னரே எழுந்துவிட்டது. மதிலுக்குக் கல் சுமந்தவரும், படைக்குத் தானியம் கொடுத்தவரும் இச்சுற்றுப்புற மக்கள். மதுரைக் கோயிலிலும் தில்லிக் களத்து மேட்டிலும் எடுத்தது ஒரே கைதான். இதனை அறியாதவர்கள், "தில்லி நம்மைக் கொள்ளையிட்டது" என்று சொல்லித் தில்லிக் குடியானவனையும் அக்கொள்ளையில் பங்காளியாக்கிவிடுவர். குழந்தைகளுக்கு நாம் எதைச் சொல்லிக் கொடுக்கிறோம் என்பதில் மிகுந்த கருத்து வேண்டும்.

திருவரங்கத்துக் கோயிலொழுகு இக்காலத்தைப் பற்றி வேறொரு கதை சொல்கிறது. தில்லிக்குக் கொண்டுபோகப்பட்ட அழகிய மணவாளரின் திருமேனியை விட்டுப் பிரியாமல், கரம்பனூரைச் சேர்ந்த ஒரு பெண்மணி படையின் பின்னே தில்லி வரை நடந்து வந்தாள் என்றும், சுல்தானின் மகள் அத்திருமேனியின் மீது காதல் கொண்டாள் என்றும் அந்நூல் கூறும். துலுக்க நாச்சியாருக்குத் திருவரங்கத்தில் இன்றும் சந்நிதி உண்டு. இதனை வரலாற்றுச் செய்தியாகக் கொள்ளுதல் இயலாது. ஆயினும் இழப்பின் நினைவை வெறுப்பாக மட்டும் வைத்துக்கொள்ளாமல், எதிரியின் மகளுக்கும் கோயிலில் இடம் தந்து வைத்துக்கொண்ட ஒரு சமுதாயத்தின் மனப்பான்மையை அது காட்டுகிறது.

ஷாப்பூர் ஜாட்டிலிருந்து பேகம்பூர். 'துக்ளக் தர்பார்' என்ற தொடர் நம் நாவில் புரள்வது; அத்தர்பார் நடந்த இடம் இதற்கு அருகேதான் என்பதை எண்ணிப் பார்ப்பவர் சிலரே. முகமது பின் துக்ளக் 1326 ஆம் ஆண்டளவில் பழைய தில்லி நகரையும் சிரியையும் மதிலால் இணைத்து, அதற்கு ஜஹான்பனா, அதாவது 'உலகின் புகலிடம்' என்று பெயரிட்டான். மறு ஆண்டே தலைநகரைத் தேவகிரிக்கு மாற்றப் புறப்பட்டது நாடறிந்த செய்தி. பேகம்பூரை அடுத்துள்ள பிஜய் மண்டல் என்னும் இடிபாட்டையே அவனது ஆயிரந்தூண் அரண்மனையின் எச்சம் என்று அறிஞர் கருதுகின்றனர். தூண்கள் வண்ணம் தீட்டிய மரத்தூண்கள் என்று இபின் பதூதா எழுதியிருக்கிறார். மரம் மறைந்தது, மேடையும் எண்கோணக் கட்டடமும் நிற்கின்றன.

இபின் பதூதா மொராக்கோ நாட்டவர்; 1334 ஆம் ஆண்டளவில் தில்லிக்கு வந்து, காஜியாகப் பதவி பெற்று, சுமார் எட்டாண்டுகள் இங்கே தங்கினார். அவரும் பிழைப்புத் தேடித் தலைநகர் வந்த அயலூரார். சம்பளம் போதாமல் கடன்பட்டதையும் எழுதியிருக்கிறார். தில்லியில் அவர் மணந்த பெண்களுள் ஒருத்தி, மாபார் என்று பாரசீகர் அழைத்த தமிழ்நாட்டின் ஆளுநராக இருந்த ஜலாலுத்தீன் அசன்கானின் மகள். அந்த அசன்கான்தான் 1335 ஆம் ஆண்டளவில் தில்லிக்கு அடங்க மறுத்து மதுரையில் தனி சுல்தானாக முடிசூடியவர். அவரை ஒடுக்கப் புறப்பட்ட துக்ளக், வாரங்கல்லில் படைக்குள் கொள்ளைநோய் புகுந்ததால் திரும்பினான். பிற்பாடு இபின் பதூதா மதுரைக்கும் சென்று, அந்நகரைக் கொள்ளைநோய் வாட்டுவதைக் கண்டார். மதுரையும் பேகம்பூரும் ஒரே மனிதரின் நினைவுக் குறிப்பில் அடுத்தடுத்து வருகின்றன.

பேகம்பூரின் மசூதி மிகப் பெரியது. படியேறி வாயிலுக்குள் புகுந்ததும் விரிந்த முற்றமும், எதிரே நடுவில் ஓங்கிய வளைவும், இருமருங்கும் வரிசையாக நிற்கும் சிறு வளைவுகளும் கண்ணில் படுகின்றன. செதுக்கு வேலை எதுவும் இல்லை. கரடான கல்லும் சுண்ணச் சாந்தும். அவற்றின் அளவே அழகு. இதனைக் கட்டியவர் துக்ளக்கா, அல்லது அவனுக்குப் பின் வந்த பிரோஸ் ஷாவின் அமைச்சரா என்பதில் ஆராய்ச்சியாளரிடையே கருத்து வேறுபாடு உண்டு. முகலாயர் ஆட்சி தளர்ந்து கொள்ளையும் சண்டையும் மலிந்த காலத்தில் சுற்றுப்புற மக்கள் இத்தடித்த சுவர்களுக்குள் புகுந்து வீடு கட்டிக்கொண்டனர். மசூதியின் முற்றமே கிராமம் ஆயிற்று. 20 ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் தொல்பொருள் துறையினர் அவர்களை வெளியேற்றினர். வெளியே சுவரை ஒட்டியே மீண்டும் வீடு எழுப்பினர். அதுவே இன்றைய பேகம்பூர்.

அரசர்கள் பெருமைக்காகக் கட்டியது, அரசர்கள் இல்லாத நாளில் ஏழைகளுக்குப் புகலிடம் ஆனது. உலகின் புகலிடம் என்ற பெயரை ஜஹான்பனா அப்போதுதான் மெய்ப்பித்தது எனலாம். நினைவுச் சின்னத்தைக் காப்பது கடமை, அதனை ஒப்புக்கொள்கிறோம். ஆனால் சில தலைமுறை அதற்குள் அடுப்பெரித்து வாழ்ந்த மக்களின் வரலாற்றையும் அறிவிப்புப் பலகையில் இரண்டு வரி எழுதினால் என்ன குறைந்துவிடும்?

அடுத்தது கிட்கி. கிட்கி என்றால் சாளரம். மசூதியின் சுவரெங்கும் கற்பின்னல் சாளரங்கள் இருப்பதால் ஊருக்கும் அப்பெயர் வந்தது. வெயிலுக்கு ஒதுங்கும் வகையில் பெரும்பகுதி கூரை வேய்ந்த மசூதி வட இந்தியாவில் அருமை. கூரையை இருபத்தைந்து சதுரங்களாகப் பகுத்து, நான்கைத் திறந்த முற்றமாக விட்டு, ஒன்பதில் சதுரத்துக்கு ஒன்பதாகச் சிறு குவிமாடங்களை அமைத்து, எஞ்சிய பன்னிரண்டையும் தட்டையாக மூடியிருக்கின்றனர். உள்ளே நடந்தால் ஒளியும் நிழலும் மாறி மாறி வருகின்றன. 2018 ஆம் ஆண்டில் இங்கே பழுதுபார்க்கும்போது 254 செப்புக் காசுகள் கிடைத்தன.

இம்மசூதியைக் கட்டியவர் பிரோஸ் ஷா துக்ளக்கின் தலைமை அமைச்சர் ஜூனான் ஷா. அவருடைய தந்தையின் வரலாறு, வெளிமாநிலத்தில் வாழும் தென்னாட்டாராகிய நமக்குச் சுவையானது. மக்பூல் என்று பெயர் பெற்ற அவர் தெலுங்கு நாட்டவர். வாரங்கல் காகதீயரிடம் பணிபுரிந்தவர். 1323 ஆம் ஆண்டில் வாரங்கல் வீழ்ந்தபின் சமயம் மாறித் தில்லி அரசில் சேர்ந்து, படிப்படியாக உயர்ந்து, பிரோஸ் ஷாவின் தலைமை அமைச்சர் ஆனார். எழுதப் படிக்க அறியாதவர். அறிவாற்றலிலோ அவருக்கு நிகர் இல்லை என்று அக்கால ஆசிரியர் அபீப் கூறுகிறார். நாட்டை உண்மையில் ஆள்பவர் அவரே என்று சுல்தானே சொன்னதாகவும் குறிப்பு உண்டு. நிஜாமுத்தீன் பகுதியிலுள்ள அவரது கல்லறை, எண்கோண வடிவில் தில்லியில் எழுந்தவற்றுள் முதலாவது. தில்லி அலுவலகங்களில் தென்னாட்டார் நுழைந்தது ஆங்கிலேயர் காலத்தில் என்று கருதுவோர் மக்பூலை நினைத்துக்கொள்வது நலம்.

கிட்கிக்கு அருகே சாத்புலா. ஜஹான்பனாவின் மதிலையே அணையாகவும் அமைத்து, ஏழு கண்களில் மதகு வைத்து நீரைத் தேக்கிய இடம். கலிங்கும் மதகும் கண்டு வளர்ந்த தமிழர்க்கு இதனை விளக்க வழிகாட்டி தேவையில்லை. எங்கள் குழுவில் செங்கற்பட்டு மாவட்டத்தைச் சேர்ந்த பாட்டியார் ஒருவர், கதவு இறக்கும் பள்ளங்களைக் கண்டவுடனே, "எங்கள் ஏரியிலும் இப்படித்தான் பலகை போடுவார்கள்" என்றார். வழிகாட்டி அதனைத் தம் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார்.

உச்சிப்பொழுதில் சிராக் தில்லி. நிஜாமுத்தீன் அவுலியாவுக்குப் பின் அப்பரம்பரையின் தலைவரான நசீருத்தீன், 1356 ஆம் ஆண்டில் இங்கே அடக்கமானார். 'தில்லியின் விளக்கு' என்பது அவர் பெற்ற பெயர். கியாசுத்தீன் துக்ளக் எண்ணெய் விற்பனையைத் தடுத்தபோது, இரவில் நடந்த குளவேலைக்கு நீரையே ஊற்றி இவர் விளக்கேற்றினார் என்பது வழக்கிலுள்ள கதை. இவருடைய உரையாடல்களின் தொகுப்பான கைருல் மஜாலிஸ் என்னும் நூலில் அலாவுத்தீன் காலத்து மலிவு விலையை நினைத்துப் பேசும் பகுதி உண்டு. அரை நூற்றாண்டு கழித்தும் மக்கள் விலைவாசியையே நினைவில் வைத்திருந்தனர்! 1729 ஆம் ஆண்டில் முகமது ஷா தர்காவைச் சுற்றி மதில் எழுப்பினார். அதற்குள் ஊர் வளர்ந்தது. தர்காவுக்குள் செல்வோர் தலையை மூடிக்கொண்டு, காலணியை வெளியே விட்டுச் செல்ல வேண்டும்.

பிற்பகலில் ஹௌஸ் காஸ். ஹௌஸ் என்றால் நீர்த்தேக்கம். சிரி நகரத்து மக்களுக்காக அலாவுத்தீன் வெட்டியது. ஐம்பது ஆண்டுகளுக்குள் அது தூர்ந்து, சிலர் உள்ளே உழுது பயிரிடவும் தொடங்கிவிட்டனர். பிரோஸ் ஷா அதனைத் தூர்வாரி, 1352 ஆம் ஆண்டளவில் கரையில் ஒரு கல்லூரியும் நிறுவினான். மாணவர் தங்கும் அறைகள் நீரை நோக்கி அடுக்கடுக்காக இறங்குகின்றன. 1388 ஆம் ஆண்டில் இறந்த அவனது கல்லறை அதே கட்டடத்தின் மூலையில் நிற்கிறது. 1398 ஆம் ஆண்டு டிசம்பரில் தைமூர் தில்லியை வென்று பாசறை இறக்கியது இக்கரையில்தான். ஏரி மீண்டும் வறண்டது. கல்லூரியின் அறைகளில் கிராமத்தார் குடியேறினர். இந்நூற்றாண்டின் தொடக்கத்தில் சுத்திகரித்த கழிவுநீரைக் கொண்டு ஏரியின் ஒரு பகுதி மீண்டும் நிரப்பப்பட்டது. இன்று கிராமத்தின் சந்துகளில் உணவு விடுதிகளும் துணிக்கடைகளும் மிகுந்துள்ளன. ஏரி ஒன்றைத் தூர்வாராமல் விட்டால் இரண்டு தலைமுறையில் அது ஏரி என்பதே மறந்துபோகும். இது தில்லிக்கும் பொருந்தும், நம் ஊர்களுக்கும் பொருந்தும்.

கடைசியாக முனிர்க்கா. இங்கே வருவோர்க்குத் தமிழ் காதில் விழும். அடுத்துள்ள ராமகிருஷ்ணபுரத்தில் நம்மவர் மிகுதி. 1946 ஆம் ஆண்டில் தோன்றிய தில்லித் தமிழ்ச் சங்கத்தின் கட்டடமும், 1973 ஆம் ஆண்டில் குடமுழுக்குக் கண்ட உத்தர சுவாமிமலைக் கோயிலும் அங்கேதான் உள்ளன. சங்கம் அமைந்துள்ள அதே ஐந்தாம் பிரிவில், லோதி காலத்துக் கல்லறை மாடங்கள் சிலவும் ஒரு படிக்கிணறும் இருக்கின்றன. அவற்றைச் சுற்றிக்கொண்டு சங்கத்தின் விழாக்களுக்குப் பல்லாண்டாகச் செல்வோரும் உள்ளே நுழைந்து பார்ப்பது அரிது.

1950 களிலும் 1960 களிலும் அரசு ஊழியர்க்கு வீடு கட்டுதற்கு முனிர்க்கா, முகமதுபூர் முதலிய ஊர்களின் வயல்கள் எடுத்துக்கொள்ளப்பட்டன. 1959 ஆம் ஆண்டு நவம்பரில் மட்டும் தில்லியின் வளர்ச்சிக்காக 34,070 ஏக்கர் நிலத்தை எடுப்பதற்கு அறிவிக்கை வெளியாயிற்று. நத்தம் மட்டும் ஊராருக்கு எஞ்சியது. வயலை இழந்தவர் நத்தத்தில் மாடிமேல் மாடி எழுப்பி வாடகைக்கு விட்டுப் பிழைத்தனர். அதனாலேயே வெளிமாநிலத்து மாணவரும் தொழிலாளரும் குறைந்த வாடகைக்கு இடம் பெற முடிந்தது. 'இந்தச் சந்துகளில் காற்றும் இல்லை, வெளிச்சமும் இல்லை' என்று குறைகூறுவோர் இம்மாற்றத்தின் காரணத்தை அறிதல் வேண்டும்.

முனிர்க்காவின் சதுக்கத்தில் கயிற்றுக் கட்டிலில் அமர்ந்திருந்த முதியவர் ஒருவரிடம் வழிகாட்டி எங்களை அறிமுகம் செய்தார். "மதராஸி பாபுக்களா? வாருங்கள், அமருங்கள்" என்று இந்தியில் வரவேற்ற அவர், பேச்சினிடையே, "உங்கள் குவார்ட்டர்ஸ் நிற்கும் இடத்தில் என் தகப்பனார் கோதுமை விதைத்தார், நான் சிறுவனாக மாடு ஓட்டினேன்" என்றார். குரலில் கோபம் இல்லை. எங்களுள் மூத்தவர் சற்றுப் பொறுத்து, "தாவூஜி, அந்த வயலுக்கு நீர் எங்கிருந்து வந்தது?" என்று வினவினார். முதியவரின் முகம் மலர்ந்தது. எந்தக் கிணறு எங்கே இருந்தது, எது உவர்நீர், எது நன்னீர், படிக்கிணற்றின் கடைசிப் படி எந்தக் கோடையில் தெரிந்தது என்று அரைமணி நேரம் சொன்னார். அவருடைய பேரன்மார் அருகே நின்று, அதுவரை கேட்டிராததைப் போல் கேட்டுக்கொண்டிருந்தனர்.

அவர் சொன்னதில் எதுவும் நூலில் இல்லை. பாலம் கல்வெட்டு கிணறு வெட்டியவரின் பெயரைச் சொல்கிறது. அக்கிணற்றில் நீர் இறைத்தவரைச் சொல்லவில்லை. பரணி விலையைச் சொல்கிறார். விற்றவனின் வீட்டைச் சொல்லவில்லை. அந்தப் பகுதியின் வரலாறு இத்தகைய முதியவர்களின் நினைவில் மட்டுமே தங்கியிருக்கிறது. அவர்களுக்கு வயது எண்பதைக் கடந்துவிட்டது. கட்டடங்கள் இன்னும் சில நூற்றாண்டு நிற்கக்கூடும். இந்நினைவுகள் அதுவரை நிற்கா.

ஆகையால் இத்தகைய பயணத்தை ஓர் உல்லாசமாக மட்டும் கருதாமல், ஒரு கடப்பாடாகவும் கொள்ளுமாறு வெளிமாநிலத் தமிழன்பர்களை வேண்டுகிறோம். தில்லியில் வாழ்வோர் அக்டோபர் முதல் மார்ச்சு வரையிலான மாதங்களில் செல்லலாம். ஊரை அறிந்த, அங்குள்ள பெரியோரோடு பழகிய வழிகாட்டியைத் தேர்ந்துகொள்ளுங்கள். சுவரில் பெயர் எழுதாதீர்கள். வீடுகளுக்குள் எட்டிப் பாராதீர்கள். படம் எடுக்குமுன் கேளுங்கள். பிள்ளைகளையும் முதியோரையும் சேர்த்தே அழைத்துச் செல்லுங்கள். பிள்ளைகள் கேள்வி கேட்பர். ஏரியும் களத்துமேடும் கண்ட நம் முதியோர்க்கு விடைகள் தோன்றும்.

தில்லிக்கு வெளியே வாழும் அன்பர்களுக்கும் இது பொருந்தும். மும்பையில் தாராவித் தமிழர் வாழும் இடம் கோலி மீனவரின் ஊர். அக்கோலிவாடா இன்னும் இருக்கிறது. கொல்கத்தா, சுதானுதி, கோவிந்தபூர், கலிகாதா என்னும் மூன்று கிராமங்களின் மேல் எழுந்தது. எந்நகரில் நாம் குடியேறினாலும், நமக்கு முன் அந்நிலத்தை உழுதவர் யார், அவர்க்கு நீர் தந்த குளம் எது என்று கேட்டறிவது, வாடகைச் சீட்டும் குடும்ப அட்டையும் தராத ஓர் உரிமையை நமக்குத் தரும். அண்டை வீட்டாரின் பாட்டனார் பெயரை அறிந்தவனை யாரும் அயலான் என்று சொல்வதில்லை.